செவலைக்கு இரண்டாவது மருந்து

செய்தி வந்தபோது பிற்பகல் மூன்று மணி இருக்கும். மழை விட்டிருந்தாலும் ரப்பர் இலைகளிலிருந்து சொட்டுகள் விழுந்துகொண்டிருந்தன. கோலா சாவா பக்கத்திலிருந்து ஒருவன் கம்பை ஊன்றி நடந்து வந்தான். முழங்காலுக்குக் கீழே சாக்குத் துணி சுற்றியிருந்தான். தோட்டத்து ஆபீஸ் வாசலில் நின்று, "சன்னாசி பொஞ்சாதி எந்த லயத்துல இருக்கு?" என்று கேட்டான்.

நல்ல செய்தி கொண்டு வந்தவன் என்றால் அதை வாசலிலேயே சொல்லியிருப்பான். என் அண்ணன் செல்லப்பா, தோட்டத்துப் பெரிய கிராணி, எழுதிக்கொண்டிருந்த பேனாவைக் கீழே வைத்தார். "நீ போய்க் காட்டிவிடு" என்று என்னிடம் மட்டும் சொன்னார்.

தாயம்மா லயத்து வீட்டில் இல்லை, குதிரைக் கொட்டகையில் இருந்தாள். குதிரையும் புருஷனும் போய் ஒரு வருஷத்துக்கு மேலாகியும் அந்தக் கொட்டகையை அவள் தினமும் கூட்டி வந்தாள். வந்தவன் தன் பெயர் மாயாண்டி என்றான். தானும் சன்னாசியும் சயாமில் ஒரே கூடாரத்தில் படுத்தவர்கள் என்றான். தாயம்மா விளக்குமாற்றைச் சுவரில் சாய்த்து வைத்தாள்.

"எப்ப?" என்று கேட்டாள்.

"போன வருசம் ஐப்பசியிலயே, தாயி. வாந்திபேதி."

அவள் நாள்தோறும் கூட்டி வந்த அந்த மாதங்களில் பெரும்பகுதி அவன் இல்லாமலே இருந்திருக்கிறான்.

சன்னாசி யார் என்று இந்தத் தோட்டத்துக்கு வெளியே யாருக்கும் தெரியாது. அவனுக்குப் புகைப்படம் கிடையாது, பிறந்த தேதியும் கிடையாது. சித்தப்பன் ஒருவனோடு கப்பலில் வந்து இறங்கினான். அந்தச் சித்தப்பன் சிரம்பானில் குதிரைப் பந்தயத் திடலில் புல் சுமக்கும் வேலைக்கு அவனைச் சேர்த்துவிட்டு எங்கோ போய்விட்டான். அங்கேயே வளர்ந்து குதிரைக்காரன் ஆனான். இடது காதின் மேல்பாதி அவனுக்கு இல்லை. பந்தயக் குதிரை ஒன்று கடித்துவிட்டது. யாராவது கேட்டால், "ஜெயிச்ச குதிரைதாங்க. தோத்த குதிரை கடிச்சிருந்தா வருத்தமா இருந்திருக்கும்" என்பான்.

எங்கள் தோட்டத்துத் துரை அந்தத் திடலிலிருந்து ஒரு செம்பழுப்புப் பெண் குதிரையை வாங்கினார். பந்தயத்துக்கு வேகம் போதாது என்று அவர்கள் கழித்துவிட்ட குதிரை. தோட்டத்தைச் சுற்றிப் பார்க்க அது போதும் என்றார் துரை. அதன் ஆங்கிலப் பெயர் யார் வாயிலும் நுழையவில்லை. செவலை என்றே ஆயிற்று. அது வேறு யார் கையிலும் தவிடு தின்ன மறுத்ததால் சன்னாசியையும் சேர்த்து அனுப்பினார்கள்.

"குதிரையத்தான் வாங்கினாங்க. நான் கொசுறு" என்று சொல்லிச் சிரிப்பான்.

புல்வெட்டுக் கும்பலில் இருந்த தாயம்மாவைக் கட்டிக்கொண்டான். பிள்ளை இல்லை. அவள் எல்லோர் முன்னாலும் அவனைச் சீண்டுவாள். "மூத்தவ கொட்டகையில நிக்கிறா. நான் ரெண்டாந்தாரம். அவளுக்குச் சோறு வச்ச பெறகுதான் எனக்கு." அவன் மறுத்துப் பேசியதே இல்லை.

சப்பான்காரன் வந்தபோது துரை காரை எடுத்துக்கொண்டு தெற்கே போனார். குதிரையைக் கொண்டுபோக வழியில்லை. பெட்ரோல் தீர்ந்தது, லாரியின் டயர்கள் ஒவ்வொன்றாகக் காணாமல் போயின. தோட்டத்துத் தச்சன் பழைய மாட்டு வண்டியின் நுகத்தை மாற்றிச் செவலைக்குத் தகுந்தபடி செய்து கொடுத்தான். சவாரிக்கென்றே பழகிய குதிரை முதல் வாரம் வண்டியை உதைத்து நொறுக்கப் பார்த்தது. சன்னாசி அதன் முன்னால் நடந்து, பேசிக்கொண்டே போய்ப் பழக்கினான். தோட்டத்தில் ஒரு காளையும் இருந்தது. ஆனால் அது போய்த் திரும்ப முழு நாளும் ஆகும். சிரம்பானிலிருந்து ரேஷன் அரிசியும் உப்பும் செவலை இழுத்த வண்டியில்தான் வந்தன.

நாற்பத்து மூன்றாம் ஆண்டில் சப்பான்காரர்கள் போட்ட சயாம் ரயில் பாதைக்கு ஆள் கேட்டார்கள். முதலில் கூலி சொல்லிக் கேட்டார்கள். யாரும் திரும்பி வராததால் பிறகு எண்ணிக்கை சொல்லிக் கேட்டார்கள். பெயர் கொடுக்கும் வேலை கிராணி தலையில் விழுந்தது. அண்ணன் அந்த நாட்களில் சாப்பிடும்போதுகூட யாருடனும் பேசமாட்டார். ஒரு காலையில், ஆள் கணக்கெடுக்கும் பெரட்டு கலைந்த பிறகு சன்னாசியைத் தனியாக நிறுத்திச் சொன்னார். நானும் பக்கத்தில் இருந்தேன்.

"செவலை வண்டி இழுக்கிற வரைக்கும் உன்ர பேரை நான் குடுக்க மாட்டன். அரிசி கொண்டுவாறவனை அவங்களும் கேக்க மாட்டாங்கள். ஆனா அது படுத்துதெண்டா என்னாலை ஒண்டும் செய்யேலாது. விளங்குதோ?"

"வெளங்குதுங்க கிராணி ஐயா."

அந்த மாதத்திலேயே செவலை இளைக்க ஆரம்பித்தது.

வைத்த தீனியை விடாமல் தின்றது. ஆனாலும் விலா எலும்புகள் தெரிந்தன. வயிறு மட்டும் பானைபோல் தொங்கியது. ரோமம் மினுக்கம் இழந்து, நனைந்து காய்ந்த சாக்குபோல் நின்றது. வாலின் அடியைக் கம்பத்தில் தேய்த்துத் தேய்த்து மயிர் உதிர்த்தது. சிரம்பான் போகும் வழியில் இருக்கிற மேட்டில் வண்டியை நிறுத்திவிட்டு, திரும்பி வயிற்றைப் பார்க்கும். முன்காலால் மண்ணைக் கீறும். ஒரு தடவை சன்னாசியே நுகத்தில் தோள் கொடுத்து வண்டியை மேடேற்றினான் என்று பின்னால் வந்தவர்கள் சொன்னார்கள்.

ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். கண்ணேறு என்றாள் ஒருத்தி. மரவள்ளித் தோல் தின்ற விஷம் என்றார் வேலையை மேற்பார்க்கும் மண்டோர். தாயம்மா லத்தியைக் குச்சியால் கிளறிப் பார்த்துவிட்டு அவனைக் கூப்பிட்டாள். நூல்போல வெள்ளையும், இரத்தம் குடித்ததுபோல் சிவந்ததுமாகப் புழுக்கள் நெளிந்தன.

சன்னாசிக்கு அது புதிதல்ல. பந்தயத் திடலில் வெள்ளைக்கார மிருக வைத்தியர் குதிரையின் மூக்கு வழியாக ரப்பர் குழாய் விட்டு மருந்து ஊற்றும்போது தலையைப் பிடித்துக்கொண்டிருந்தவனே அவன்தான். அந்த மருந்து இப்போது எங்கே இருக்கிறது? சிரம்பானில் கேட்டுப் பார்த்தான். மனிதனுக்கே மருந்து இல்லாத ஊரில் கேட்டவனைப் பார்த்துச் சிரித்தார்கள்.

அவனுக்குப் பிடிபடாதது வேறு. துரை இருந்த காலத்தில் செவலைக்கு இவ்வளவு பூச்சி வந்ததில்லை. இப்போது மட்டும் எங்கிருந்து வருகிறது?

சப்பான்காலத்தில் எங்கள் தோட்டத்தில் எதையும் வீணாக்குவதில்லை. கொட்டகையை ஒட்டிக் குதிரை மேய்ந்த வெளியைக் கொத்தி மரவள்ளியும் கீரையும் சர்க்கரைவள்ளியும் போட்டிருந்தோம். உரத்துக்கு வேறு வழியில்லை. கொட்டகை லத்தியைச் சூடு ஆறும் முன்பே வாரிக் கொண்டுபோய்ப் பாத்திகளில் போட்டோம். பாத்திகளுக்கு நடுவே புல் முழங்கால் உயரம் வளர்ந்தது. லாலான் மாதிரி முரட்டுப் புல் இல்லை, இளம்புல். களை எடுத்த மாதிரியும் ஆயிற்று, தீனி கிடைத்த மாதிரியும் ஆயிற்று என்று தாயம்மா விடிந்ததும் பனியோடு அறுத்து வந்து போடுவாள். அந்தச் சிக்கனத்தில் எல்லோருக்கும் பெருமை. அண்ணன் வேறு தோட்டத்துக் கிராணிகளிடம் அதைச் சொல்லியிருக்கிறார்.

புல்லின் மேல் சந்தேகம் வராமல் இருந்ததற்குக் காளைதான் காரணம். அதே புல்லைத் தின்ற காளை கொழுகொழுவென்று இருந்தது.

"புல்லுல கெடுதி இருந்தா அதுக்கும்ல வரணும்?" என்றான் சன்னாசி. கொட்டகைக் கம்பத்தில் சாய்ந்து வெகுநேரம் காளையையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு என்னைப் பார்த்து மெதுவாகச் சொன்னான்: "சின்னையா, பந்தயத் திடல்ல குதிரைய மேய்ச்ச எடத்துல அப்புறமா மாட்ட விடுவாங்க. ஓவர்சியர் பாலுக்காக விடுறாருன்னு நெனச்சேன். பாலுக்கு இல்ல போல இருக்கே."

"பின்ன எதுக்கு?"

"லத்தியில விழுற பூச்சி முட்டை குஞ்சாகி, புல்லு மேல ஏறி நிக்கும்னு வைத்தியர் சொல்லுவாரு. அந்தப் புல்ல மறுபடி குதிரை தின்னா அது வயித்துலயே குடியேறிரும். மாடு தின்னா மாட்டு வயித்துல அதுக்குப் பொழைப்பு கெடையாது. அங்கேயே செத்துரும். அதுக்குத்தான் மாட்ட விட்டிருக்காங்க."

தாயம்மா கையிலிருந்த புல்கட்டைக் கீழே போட்டாள். அன்று காலையில் அறுத்தது. ஈரம்கூடக் காயவில்லை.

"அப்ப நாந்தான் தெனமும் கொண்டாந்து ஊட்டியிருக்கேன்."

"நாந்தான் லத்திய வாரிப் போட்டேன்" என்றான் அவன். "சரி விடு புள்ள. மூத்தவளுக்கு எளையவ வெசம் வச்சிட்டாள்னு ஊரு பேசும்."

அவள் சிரிக்கவில்லை.

மறுநாளிலிருந்து முறை மாறியது. பாத்திப் புல் முழுவதும் காளைக்குப் போயிற்று. செவலைக்கு லத்தி விழாத இடமாகப் பார்த்து, ஆற்றங்கரையிலும் ரயில் பாதை ஓரத்திலும் தாயம்மா புல் அறுத்தாள். போக வர மூன்று கட்டை தூரம், மூன்று மைல் நடை. பனி காய்ந்த பிறகு, அடிமண்ணோடு ஒட்டாமல் அறுக்க வேண்டும் என்றான் சன்னாசி. ஈரப் புல்லில்தான் குஞ்சுகள் ஏறி நிற்குமாம். புல்லைத் தரையில் போடாமல் மூங்கில் தட்டி ஒன்றை உயரத்தில் கட்டி அதில் வைத்தார்கள். லத்தியை விழுந்த அன்றே வாரி, கொட்டகைக்குப் பின்னால் குழியில் குவித்து, மேலே வாழைச் சருகு போட்டு மூடினார்கள். உள்ளே கை வைக்க முடியாத அளவுக்குக் கொதித்து அடங்கிய பிறகுதான் பாத்திக்கு விட்டார்கள். அந்தச் சூட்டில் முட்டை வெந்துவிடும். குதிரையின் முன்கால் மயிரில் ஈ ஒட்டிவிட்டுப் போகும் மஞ்சள் முட்டைகளைச் சன்னாசி தினமும் மழுங்கின கத்தியால் சுரண்டி எடுத்தான். குதிரை காலை நக்கினால் அதுவும் வயிற்றுக்குள் போய்விடும். கூட்டுவதும் கழுவுவதுமாகக் கொட்டகை எங்கள் வீட்டைவிடச் சுத்தமாக இருந்தது.

புதிதாகப் பூச்சி வயிற்றுக்குள் போவது நின்றது. உள்ளே இருப்பதை என்ன செய்வது? ரந்தாவில் மருந்துக்கடை வைத்திருந்த சீனக் கிழவர் ஒருவர் சிறுபிள்ளைகளுக்குப் பாக்குக் கஷாயம் கொடுப்பதாகத் தாயம்மா கேள்விப்பட்டாள். இருவரும் போனார்கள். "பினாங் காசி, சாச்சிங் மாத்தி லா" என்றாராம் கிழவர். பாக்கைக் கொடு, புழு செத்துப்போகும். குதிரைக்கு எவ்வளவு என்று கேட்டதற்கு, குதிரையை நான் பார்த்ததில்லை, குதிரையையே கேள் என்றாராம்.

பாக்கு அதிகமானால் குதிரை வாயில் நுரை தள்ளி விழுந்துவிடும் என்று சன்னாசிக்குத் தெரியும். குறைந்தால் பூச்சி மயங்குமே தவிரச் சாகாது. வேலியோரப் பாக்கு மரங்களிலிருந்து முற்றியதாகப் பறித்து, தாயம்மா சீவிக் காயவைத்து உரலில் இடித்துச் சலித்தாள். அவன் முதலில் தன் நாக்கில் வைத்துப் பார்த்தான். ஒரு பொழுது பட்டினி போட்டு, மறுநாள் விடிந்ததும் தவிட்டுக் கஞ்சியில் கலந்து வைத்தான். செவலை மோந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது. தாயம்மா முந்தானையில் முடிந்து வைத்திருந்த வெல்லக்கட்டியை அவிழ்த்து அதில் நொறுக்கிப் போட்டாள். அந்த வருஷத்தில் வெல்லம் எங்கிருந்து வந்தது என்று அவன் கேட்டான்.

"மூத்தவளுக்குச் சீர்" என்றாள்.

பகல் முழுவதும் அவன் குதிரையின் விலாவில் காதை வைத்து உட்கார்ந்திருந்தான். அது வியர்த்தது, எச்சில் வடித்தது, ஒரு முறை படுத்து எழுந்தது. "எந்திரிச்சிரு தாயி, எந்திரிச்சிரு" என்று சொல்லிக்கொண்டே இருந்தான். மாலையில் லத்தியோடு புழுக்கள் கொத்துக் கொத்தாக விழுந்தன. இரண்டு நாள் குதிரையை வெளியே விடாமல், விழுந்ததையெல்லாம் எரித்தார்கள்.

"ஒரு தடவையில தீராது" என்றான் என்னிடம். "பெருசு செத்திருச்சி. குஞ்சுங்க குடல் தோலுக்குள்ள போயி ஒளிஞ்சிருக்கும். அதுக மருந்துக்கு மாட்டாது. வளந்து வெளிய வர்றப்ப இன்னொரு வாட்டி குடுக்கணும். அமாவாசை கழிஞ்சதும் குடுத்திடலாம்."

சில வாரங்களில் செவலை பழைய செவலை ஆயிற்று. வயிறு ஏறியது, ரோமம் படிந்து மினுங்கியது. மேட்டில் நிற்காமல் ஓடியது. தோட்டத்தில் யாரிடமும் மகிழ்ச்சி இல்லாத அந்த நாட்களில் அந்த வண்டி சத்தம் ஒன்றுதான் கேட்க நன்றாக இருந்தது. சன்னாசி தலைப்பாகையைப் புதிதாகத் துவைத்துக் கட்டினான்.

ரந்தாவ் சாலையில் ஒரு சப்பான் அதிகாரி வண்டியை நிறுத்தினார். அரிசி மூட்டையை அவர் பார்க்கவே இல்லை. செவலையின் உதட்டைத் தூக்கிப் பல்லைப் பார்த்தார். கழுத்தில் கையை வைத்து நீளத் தடவினார். காலைத் தூக்கிக் குளம்பைத் தட்டினார். குதிரை தெரிந்த ஆள் என்று சன்னாசிக்குப் புரிந்துவிட்டது. அவர் சிரித்து, சன்னாசியின் தோளில் தட்டி, ஒரு சிகரெட் கொடுத்தார். அவன் அதைப் பிடிக்காமல் அண்ணனிடம் கொண்டுவந்து கொடுத்தான்.

"ஐயா, அவன் குதிரைய நல்லா பாத்துட்டானுங்க" என்றான்.

மூன்றாம் நாள் உத்தரவு வந்தது. குதிரையும் அதைப் பார்த்துக்கொள்கிறவனும் சிரம்பான் ரயிலடிக்கு வர வேண்டும். தாயம்மா அப்போது கொட்டகையில் உட்கார்ந்து இரண்டாவது மருந்துக்குப் பாக்குச் சீவிக்கொண்டிருந்தாள். அண்ணனே நேரில் வந்து சொன்னார். சொல்லிவிட்டு, காளையின் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

"ஏங்க, குளம்புல ஒரு ஆணிய அடிங்க" என்றாள் தாயம்மா. "நொண்டட்டும். நொண்டிக் குதிரைய எவன் கூட்டிட்டுப் போவான்?"

"நொண்டினா சுட்டுத் தின்னுருவான், புள்ள. அப்புறம் வண்டி ஏது, வண்டிக்காரன் ஏது? அடுத்த பெரட்டுலயே என் பேரு வந்துரும்."

"அப்ப எப்படியும் போறதுதானா?"

அவன் செவலையின் பிடரியில் சிக்கியிருந்த ஒட்டுப்புல்லை ஒவ்வொன்றாகப் பிடுங்கினான். "குதிரையோட போனா குதிரைக்காரனாப் போகலாம். அவன் நல்லா வச்சிருக்கச் சொல்லித்தான கூப்புடுறான்? மண்ணு சொமக்கச் சொல்ல மாட்டான். நான் என்னைக்கும் கொசுறுதானே."

அண்ணன் அப்போதும் திரும்பவில்லை. "அதிகாரியோடை நான் கதைச்சுப் பாக்கிறன்" என்றார். சிரம்பானுக்குப் போய்க் கதைத்தும் பார்த்தார். ஒன்றும் நடக்கவில்லை.

மறுநாள் காலை சன்னாசி செவலையைத் தேய்த்துக் கழுவி, வண்டியில்லாமல் நடத்திக்கொண்டு போனான். தாயம்மா ரந்தாவ் சாலை வரை கூடவே போனாள். "மருந்து?" என்று கேட்டாளாம். "நீ சீவி வையி. வந்து குடுத்துக்கலாம்" என்றானாம்.

மாயாண்டி மீதியைச் சொன்னபோது கொட்டகையில் நாங்கள் மூவர்தான் இருந்தோம். சயாமில் இறங்கிய இடத்திலேயே குதிரைகளை ஒரு பக்கமும் ஆட்களை ஒரு பக்கமும் பிரித்துவிட்டார்கள். சன்னாசி கயிற்றை விடவில்லை. அடித்துத்தான் விரல்களைப் பிரித்தார்களாம். பிறகு மற்றவர்களோடு சேர்ந்து மண் சுமந்தான். செவலையை அதன் பின் யாரும் பார்க்கவில்லை.

"குதிரை கனைச்ச சத்தம் கேட்டா கூடைய எறக்கிட்டு நிப்பாரு" என்றான் மாயாண்டி. "அதுக்கும் அடி வாங்குவாரு. பேதி வந்து கெடந்தப்ப எல்லாரும் தண்ணி கேப்பாங்க. இவரு, அமாவாசை தாண்டிருச்சா, தாண்டிருச்சான்னு கேட்டாரு. தாண்டிருச்சுண்ணேன்னு சொன்னேன். செவலைக்கு ரெண்டாவது மருந்து குடுக்கலையே, உள்ள இருக்கிறது வளந்திருக்குமேன்னாரு. தாயம்மாகிட்டச் சொல்லுன்னாரு. எதுக்குன்னு எனக்குத் தெரியல. சொல்லச் சொன்னாரு, சொல்லிட்டேன்."

தாயம்மா அவனுக்குத் தண்ணீர் மொண்டு கொடுத்தாள். காலில் சுற்றிய சாக்கைப் பார்த்து, மாற்றுத்துணி தருகிறேன், இரு என்றாள். பிறகு என்னிடம், "நான் மருந்து இடிக்காம இருந்திருந்தா அவள ஒருத்தனும் திரும்பிப் பாத்திருக்க மாட்டான், சின்னையா" என்றாள்.

குணமாகாமல் இருந்திருந்தாலும் அவன் பெயர் போயிருக்கும். அதை அவளும் அறிவாள்.

அதற்குப் பிறகும் அவள் கொட்டகையைக் கூட்டுகிறாள். லத்தி இல்லாத குழியில் இப்போது பூசணிக்கொடி படர்ந்திருக்கிறது. மூங்கில் தட்டியில் பழைய புல் அப்படியே காய்ந்து கிடக்கிறது. விட்டத்தில் ஒரு கூடை தொங்குகிறது. அதை யாரும் தொடக் கூடாது. இரண்டாவது மருந்துக்கான பாக்கு அதில்தான் இருக்கிறது. மேலே கிடப்பவை உத்தரவு வந்த அன்று சீவியவை. அடியில் பாதிக்கு மேல் இன்னும் தோலோடு இருக்கின்றன.